பாஸ்போர்ட்டின் அடியில் இருக்கும் இரண்டு வரி: அது என்ன எழுத்துரு, ஏன் இன்னும் அதே எழுத்துரு?

வேல்_ஆண்ட்ராய்டு கேட்டது:

வணக்கம் மக்களே. ஒரு டிராவல்ஸ் ஆபீஸுக்காக ஆப் எழுதிக்கொண்டிருக்கிறேன். பயணியின் பாஸ்போர்ட்டைப் போனில் போட்டோ எடுத்தால் பெயர், பாஸ்போர்ட் எண், பிறந்த தேதி எல்லாம் தானாக ஃபார்மில் நிரம்ப வேண்டும், அவ்வளவுதான் வேலை. போட்டோ இருக்கும் பக்கத்தின் அடியில் இரண்டு வரி வருகிறதே, எல்லாம் பெரிய எழுத்து, நடுநடுவே லெஸ் தேன் குறி வரிசையாக, அதைப் படித்தாலே போதும் என்றார்கள். படத்தில் இருக்கும் எழுத்தைப் படிக்கும் டெசராக்ட் என்ற இலவச மென்பொருளை வைத்து, அதற்கான ஆங்கிலப் பயிற்சிக் கோப்பைப் போட்டுப் பார்த்தால் பாதி சரியாக வருகிறது, மீதி கண்றாவி. லெஸ் தேன் குறி இருக்கும் இடமெல்லாம் கே, சி என்று படிக்கிறது, பூஜ்யத்துக்கும் ஓ எழுத்துக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

என் கேள்விகள்: அந்த எழுத்துருவின் பெயர் என்ன? எல்லா நாட்டுப் பாஸ்போர்ட்டிலும் ஒரே மாதிரி இருக்கிறதே, அது கட்டாயமா? இப்போது கன்சோலாஸ் போல எத்தனையோ நல்ல மோனோஸ்பேஸ் (எல்லா எழுத்தும் ஒரே அகலம்) எழுத்துருக்கள் இருக்கும்போது ஏன் இன்னும் அதையே பிடித்துக்கொண்டிருக்கிறார்கள்? டெஸ்ட் செய்ய மாதிரிப் பக்கங்கள் அச்சடிக்க வேண்டும், வேறு எழுத்துருவில் அடித்தால் என்ன ஆகும்?

மணி_கோவை:

நம் பேங்க் செக்கின் அடியில் இருக்குமே, அதே எழுத்துருதான் ப்ரோ. மெஷின் படிப்பதற்காகச் செய்தது.

அச்சுமை:

இல்லை மணி, அது வேறு, இது வேறு. செக்கில் இருப்பது ஈ-13பி. 1950களின் கடைசியில் ஸ்டான்ஃபோர்டு ஆராய்ச்சி நிறுவனம் பேங்க் ஆஃப் அமெரிக்காவுக்காகச் செய்த வேலையிலிருந்து வந்தது. அதில் பத்து எண்களும் நான்கு குறிகளும் தவிர எழுத்தே கிடையாது. காந்த மையில் அடிப்பார்கள். மெஷின் அந்த வடிவத்தைப் பார்ப்பதில்லை, படிக்கும் முனைக்கு அடியில் காகிதம் ஓடும்போது ஒவ்வொரு எண்ணும் எழுப்பும் காந்த அலையைத்தான் பிடிக்கிறது. அதனால்தான் அந்த எண்கள் அங்கங்கே வீங்கிப்போய் விசித்திரமாக இருக்கின்றன.

பாஸ்போர்ட்டில் இருப்பது ஓசிஆர்-பி. வடிவத்தை ஒளியில் பார்த்துப் படிப்பதற்காகச் செய்த எழுத்துரு (ஓசிஆர் என்றாலே அப்படிப் படிப்பதுதான்), சான்ஸ் செரிஃப், அதாவது பொதுவாக எழுத்து முனைகளில் சின்னக் குறுக்குக் கோடு இல்லாதது, எல்லா எழுத்துக்கும் ஒரே அகலம். இதன் கதை எனக்கு ரொம்பப் பிடிக்கும், அதனால் கொஞ்சம் நீளமாகத்தான் எழுதுவேன், அவசரம் இருப்பவர்கள் அடுத்த பதிலுக்குப் போய்விடலாம்.

பெயரில் பி இருக்கிறது என்றால் ஏ என்று ஒன்று இருக்க வேண்டுமே, இருக்கிறது. ஓசிஆர்-ஏ அமெரிக்காவில் 1960களின் நடுவில் தரப்படுத்தப்பட்டு, 1968-ல் அமெரிக்கன் டைப் ஃபவுண்டர்ஸ் என்ற அச்செழுத்து நிறுவனம் வார்த்தது. அந்தக் காலத்து மெஷினுக்குக் கண் ரொம்ப மோசம், ஒரு எழுத்தை மிகச் சில கட்டங்களாகப் பிரித்து எந்தக் கட்டம் கறுப்பு, எந்தக் கட்டம் வெள்ளை என்றுதான் அதனால் பார்க்க முடியும். ஆகவே எழுத்தை மெஷினுக்காக வளைத்தார்கள். மனிதன் அதைப் படித்துவிடுவான், ஆனால் ஒரு பக்கம் முழுக்க அதில் படி என்றால் தலைவலி வந்துவிடும். பார்த்தாலே 'கம்ப்யூட்டர்' என்று கத்துகிற தோற்றம் என்பதால் போஸ்டர்காரர்களுக்கு இன்றும் அதன் மேல் ஒரு ஆசை.

ஐரோப்பாவில் இதை அப்படியே ஏற்க மனமில்லை. அங்கே கணினித் தயாரிப்பாளர்கள் 1961-ல் ஜெனீவாவில் எக்மா என்று ஒரு சங்கம் தொடங்கியிருந்தார்கள். வேல், உங்களுக்கு இந்தப் பெயர் தெரிந்திருக்கும், ஜாவாஸ்கிரிப்டின் தரத்தை வெளியிடுவதும் இதே எக்மாதான். மெஷினும் படிக்க வேண்டும், மனிதன் கண்ணுக்கும் உறுத்தக் கூடாது, அப்படி ஒன்று வேண்டும் என்று பாரிஸில் வேலை செய்துகொண்டிருந்த சுவிட்சர்லாந்துக்காரர் அட்ரியன் ஃப்ரூட்டிகரிடம் போனார்கள். 1957-ல் யூனிவர்ஸ் எழுத்துருவை வெளியிட்டுப் பெயர் வாங்கியவர். பின்னாளில் பாரிஸ் சார்ல் தெ கோல் விமான நிலையத்தின் வழிகாட்டிப் பலகைகளுக்கு எழுத்து வரைந்தவரும் அவரே. அந்த விமான நிலையத்தில் இறங்குகிறவன் பலகையில் படிப்பதும் கையில் பாஸ்போர்ட்டில் வைத்திருப்பதும் ஒரே ஆளின் கைவேலை!

அவர் சந்தித்த சிக்கல் சாதாரண எழுத்துரு வேலையில் வராதது. வழக்கமாக நாம் எழுத்துகளை ஒன்றுக்கொன்று ஒத்துப்போகிற மாதிரி வரைவோம், பி-யின் வயிறும் ஆர்-இன் தலையும் ஒரே குடும்பமாகத் தெரிய வேண்டும் என்று பார்ப்போம். இங்கே நேர் எதிர். ஒவ்வொரு எழுத்தையும் மற்றொன்றின் மேல் வைத்து, எவ்வளவு பரப்பு ஒன்றின் மேல் ஒன்று விழுகிறது, எவ்வளவு விலகி நிற்கிறது என்று பார்க்க வேண்டும். மோசமாக அச்சாகி, மை கொஞ்சம் பரவியோ தேய்ந்தோ போனாலும் அந்த வித்தியாசம் மிஞ்ச வேண்டும். பி-யும் 8-ம், எஸ்-ம் 5-ம், இசட்-ம் 2-ம், ஐ-யும் 1-ம் எல்லாம் சண்டைக்காரர்கள். ஓசிஆர்-பி-யில் பெரிய ஐ-க்கு மேலும் கீழும் குறுக்குக் கோடு இருப்பதும், சிறிய எல் அடியில் வலது பக்கம் வளைந்து போவதும் இதற்காகத்தான். ஒரே அகலம் என்பதால் ஐ போன்ற ஒல்லி எழுத்தின் இடம் வெறிச்சோடிப் போகாமல் இருக்கவும் அந்தக் கோடு உதவுகிறது.

அதோடு இரண்டு வகையாகச் செய்தார்கள். தட்டச்சு மெஷினுக்கும் லைன் பிரிண்டருக்கும் ஒன்று, கோட்டின் தடிமன் எங்கும் ஒரே அளவு, முனைகள் உருண்டை. அச்சகத்துக்கு இன்னொன்று, முனை வெட்டி விட்டது போல இருக்கும், தடிமனும் லேசாக மாறும், அதனால் பார்க்க இன்னும் நன்றாக இருக்கும். 1968-ல் மோனோடைப் என்ற எழுத்துரு நிறுவனம் மூலம் வெளிவந்தது, 1973-ல் உலகத் தரமாக ஏற்றார்கள், ஐஎஸ்ஓ 1073-2 என்ற தரமாக 1976-ல் வந்தது.

சொல்ல விட்டுப்போயிற்றே, ஃப்ரூட்டிகர் 1960களில் அகமதாபாத்தின் தேசிய வடிவமைப்பு நிறுவனத்தோடும் தொடர்பில் இருந்தவர், தேவநாகரி, தமிழ் எழுத்து வடிவங்களிலும் கை வைத்திருக்கிறார். அது தனிக்கதை, இன்னொரு நாள் பார்ப்போம்.

வேல்_ஆண்ட்ராய்டு:

அருமை அண்ணா, இவ்வளவு இருக்கும் என்று நினைக்கவே இல்லை. ஆனால் என் கேள்வி அப்படியே நிற்கிறது. 1968-ல் மெஷினுக்குக் கண் மோசம், சரி. இப்போது போனே கையெழுத்தைப் படிக்கிறது. இன்னும் ஏன்?

தாரணி_கே:

நான் பாஸ்போர்ட் படிக்கும் கியோஸ்க் மெஷின் பக்கம் வேலை பார்த்திருக்கிறேன், இதற்குப் பதில் சொல்கிறேன்.

முதலில் கட்டாயமா என்ற கேள்வி. ஆமாம், கட்டாயம். சர்வதேச சிவில் விமானப் போக்குவரத்து அமைப்பு, அதாவது ஐகாவோ, 1980-ல் வெளியிட்ட ஆவணம் 9303 தான் இதற்கெல்லாம் வேதம். எந்த எழுத்துரு, எந்த அளவு, பக்கத்தில் எந்த இடம், எல்லாம் அதில் இருக்கிறது. பாஸ்போர்ட் என்றால் இரண்டு வரி, வரிக்கு 44 இடம். அடையாள அட்டை அளவில் இருப்பதற்கு மூன்று வரி, வரிக்கு 30. ஓசிஆர்-பி-யில் எத்தனையோ குறிகள் இருந்தாலும் இங்கே அனுமதி 37-க்குத்தான்: 26 பெரிய எழுத்து, 10 எண், நிரப்புக் குறியாக அந்த லெஸ் தேன். ஒரு அங்குலத்துக்கு 10 எழுத்து, அதாவது ஒரு எழுத்துக்கு 2.54 மில்லிமீட்டர். 44 எழுத்துக்கு ஏறக்குறைய 112 மில்லிமீட்டர் ஆகிறது, பாஸ்போர்ட் பக்கத்தின் அகலம் 125. பக்கத்தை நிரப்பி இரு ஓரமும் கொஞ்சம் மிச்சம் வைத்தது போலக் கச்சிதமாக உட்காருவதைப் பாருங்கள்.

ஒரே அகலம் என்பது இங்கே அழகுக்காக இல்லை. இந்த வரிகளில் இடம்தான் அர்த்தம். இரண்டாவது வரியில் முதல் 9 இடம் பாஸ்போர்ட் எண், 10-வது சரிபார்ப்பு இலக்கம் (முன்னால் இருப்பதைச் சரியாகப் படித்தோமா என்று கணக்குப் போட்டுப் பார்க்க), 11 முதல் 13 வரை நாட்டுக் குறியீடு, 14 முதல் 19 வரை பிறந்த தேதி, 20 அதன் சரிபார்ப்பு, 21 பாலினம், 22 முதல் 27 வரை காலாவதித் தேதி, 28 அதன் சரிபார்ப்பு. கமா கிடையாது, லேபிள் கிடையாது. ஒரு எழுத்து அழிந்துபோனாலும் அடுத்த எழுத்தின் மையம் எங்கே என்று ரீடருக்குத் தெரியும், அதனால் வரி நகர்ந்துபோகாது. எழுத்துக்கு எழுத்து அகலம் மாறும் எழுத்துருவில் அடித்திருந்தால் ஒரு கறை விழுந்ததும் அதற்குப் பிறகு வருவதெல்லாம் தடம் மாறிவிடும்.

வேல், பூஜ்யம், ஓ குழப்பத்துக்கும் வழி இங்கேதான் இருக்கிறது. எழுத்துருவை மட்டும் நம்பி உட்காராதீர்கள். தேதி இருக்கும் இடத்தில் ஓ வரவே வராது, நாட்டுக் குறியீட்டில் பூஜ்யம் வராது. இந்தியப் பாஸ்போர்ட் எண் என்றால் முன்னால் ஓர் எழுத்து, பின்னால் ஏழு எண்கள். இடத்தை வைத்தே பாதியைத் திருத்திவிடலாம்.

மீதிக்குச் சரிபார்ப்பு இலக்கம். ஒவ்வொரு இடத்தையும் 7, 3, 1, மறுபடி 7, 3, 1 என்று பெருக்கிக் கூட்டி, 10-ஆல் வகுத்தால் வரும் மீதிதான் அது. எழுத்துகளுக்கு ஏ என்றால் 10, பி என்றால் 11, இப்படிப் போய் இசட் 35. நிரப்புக் குறிக்குப் பூஜ்யம். ஐகாவோ ஆவணத்தில் வரும் கற்பனை நாட்டு மாதிரியையே பாருங்கள், பிறந்த தேதி 740812. 49, 12, 0, 56, 3, 2, கூட்டினால் 122, மீதி 2. வரியிலும் 2 தான் இருக்கும். அந்த 8-ஐ உங்கள் ஆப் 3 என்று படித்திருந்தால் கூட்டல் 87, மீதி 7, உடனே மாட்டிக்கொள்ளும்.

இப்போது நீங்கள் கவனிக்க வேண்டிய இடம் வருகிறது. ஓ-வைப் பூஜ்யமாகப் படித்தால் இந்தக் கணக்கு பிடித்துவிடும். பி-யை 8 என்றாலும், எஸ்-ஐ 5 என்றாலும், ஐ-யை 1 என்றாலும் பிடிக்கும். ஆனால் கே எழுத்தின் மதிப்பு 20, நிரப்புக் குறியின் மதிப்பு 0, எதால் பெருக்கினாலும் கடைசி இலக்கம் இரண்டுக்கும் ஒன்றே! அதாவது உங்கள் டெசராக்ட் செய்கிற அதே தவறு, லெஸ் தேன் குறியைக் கே என்று படிப்பது, சரிபார்ப்பைத் தாண்டி நிம்மதியாக உள்ளே வந்துவிடும். ஜி-யும் 6-ம் இதே கதை, 16-க்கும் 6-க்கும் வித்தியாசம் 10. பெயர் இருக்கும் முதல் வரிக்கோ சரிபார்ப்பு இலக்கமே கிடையாது. பெயருக்குப் பின்னால் கே கே கே என்று தொங்கிக்கொண்டிருந்தால் அதை நீங்கள்தான் வெட்ட வேண்டும், ஆனால் அசோக், கார்த்திக் என்று கே-யில் முடிகிற பெயர்களையும் சேர்த்து வெட்டிவிடாதீர்கள்!

இதற்கெல்லாம் முதல் மருந்து, பொதுவான ஆங்கிலப் பயிற்சிக் கோப்பைத் தூக்கிப் போடுவது. ஓசிஆர்-பி-க்கென்றே தனியாகப் பயிற்றுவித்த கோப்புகள் டெசராக்டுக்குக் கிடைக்கின்றன. அந்த 37 எழுத்துக்கு மட்டும் அனுமதி கொடுங்கள், அகராதியை அணைத்துவிடுங்கள். பெயர்களில் அகராதிக்கு வேலையே இல்லை, நம் ஊர்ப் பெயர்களில் சுத்தமாக இல்லை.

பழைய_கவுண்டர்:

"இன்னும் ஏன்" என்பதற்கு தாரணி பாதிதான் சொன்னார். நான் மீதியைச் சொல்கிறேன் தம்பி.

சிப் வைத்த பாஸ்போர்ட் வந்த பிறகு இந்த இரண்டு வரி போய்விடும் என்றுதான் பலரும் நினைத்தார்கள். நடந்தது தலைகீழ். சிப்பைத் திறக்கச் சாவி வேண்டும், இல்லாவிட்டால் பையில் இருக்கும் பாஸ்போர்ட்டை யார் வேண்டுமானாலும் பக்கத்தில் நின்று படித்துவிடலாம். அடிப்படை முறையில் அந்தச் சாவியை எதிலிருந்து உருவாக்குகிறார்கள் தெரியுமா, பாஸ்போர்ட் எண், பிறந்த தேதி, காலாவதித் தேதி, அவற்றின் சரிபார்ப்பு இலக்கங்கள், எல்லாம் அந்த இரண்டாவது வரியிலிருந்து. முதலில் அச்சில் இருப்பதைப் படி, பிறகு சிப் பேசும். ஆகவே 1960களில் வரைந்த எழுத்துதான் இன்றைய சிப்புக்கு வாசல்.

இன்னொன்று, எல்லா நாடும் எல்லா நாட்டுப் பாஸ்போர்ட்டையும் படிக்க வேண்டும். பெரிய விமான நிலையத்தில் புது மெஷின் இருக்கலாம். ஏதோ ஒரு எல்லைச் சாவடியில் இருபது வருடப் பழைய ரீடர் இருக்கும், அங்கேயும் இது ஓட வேண்டும். எழுத்துருவை மாற்றினால் அதைவிட நன்றாகப் படிக்கலாம் என்று நிரூபித்தாலும் ஒருவரும் மாற்ற மாட்டார்கள்.

நம் ஆட்களின் பெயர் விவகாரமும் உண்டு. முதல் வரியில் ஆவண வகைக்கும் நாட்டுக்கும் 5 இடம் போனால் பெயருக்கு 39 தான். வெங்கடசுப்ரமணியன் என்பதை ஆங்கிலத்தில் எழுதினால் 18 எழுத்து, அப்பா பெயர் மீனாட்சிசுந்தரம் என்றால் 17, நடுவில் இரண்டு நிரப்புக் குறி, ஆக 37. பிழைத்தார், இன்னும் இரண்டு இடம் இருக்கிறது. தாத்தா பெயரையும் சேர்த்திருந்தால் வெட்டுத்தான். மலேசியத் தமிழர் பெயரில் நடுவே இன்னாரின் மகன் என்று சொல்ல ஏ, சாய்கோடு, எல் என்று வருமே, அந்தச் சாய்கோட்டுக்கு 37-க்குள் இடம் இல்லை, அச்சில் மேலே ஒரு மாதிரியும் அடியில் வேறு மாதிரியும் இருக்கும். டிக்கெட்டில் எதைப் போடுவது என்று கவுண்டரில் சண்டை நடந்ததை நான் பார்த்திருக்கிறேன். உங்கள் ஆப் இரண்டு வடிவத்தையும் பயணிக்குக் காட்டி உறுதி செய்யச் சொல்லட்டும்.

மணி_கோவை:

சரி சரி, செக் விஷயத்தை விட்டுவிடுகிறேன். ஆனால் இந்த எழுத்தை நான் பிஸ்கட் பாக்கெட்டில் பார்த்த மாதிரியே இருக்கிறதே?

அச்சுமை:

பார்த்திருப்பீர்கள், இந்த முறை சரி! பார்கோடுக்கு அடியில் இருக்கும் 13 எண்கள் காலங்காலமாக ஓசிஆர்-பி-யில்தான் வருகின்றன. அங்கே மெஷின் கோடுகளைப் படிக்கிறது, எண்களை அல்ல. ஸ்கேனர் மக்கர் செய்தால் கடைக்காரர் கண்ணால் பார்த்துத் தட்ட வேண்டுமே, அதற்குத்தான் எண். மனிதனுக்கும் மெஷினுக்கும் பொதுவாகச் செய்த எழுத்து கடைசியில் வெறும் மனிதனுக்காகவே அங்கே நிற்கிறது. புத்தகத்தின் பின்னட்டையிலும் பாருங்கள், ஐஎஸ்பிஎன் எண் பெரும்பாலும் இதில்தான், சில அமெரிக்கப் பழைய பதிப்புகளில் ஓசிஆர்-ஏ இருக்கும்.

சுவிட்சர்லாந்தில் பில் கட்டுவதற்கு ஆரஞ்சு நிறச் சீட்டு ஒன்று இருந்தது, வீட்டுக்கு வீடு தபாலில் வரும், அதன் அடியிலும் இதே எழுத்தில் ஒரு நீள எண் வரி. கியூஆர் பில் வந்ததும் 2022 செப்டம்பர் 30-ஓடு அதை நிறுத்திவிட்டார்கள். ஃப்ரூட்டிகர் 2015-ல் காலமாகிவிட்டார், தன் ஊரில் தன் எழுத்துக்கு நடந்த அந்த வழியனுப்பலை அவர் பார்க்கவில்லை.

புரோகிராம் எழுதும் எடிட்டரில் இதைப் போட்டுக்கொள்கிறவர்களும் இருக்கிறார்கள். நான் பரிந்துரைக்க மாட்டேன். எழுத்துக்கு எழுத்து இடைவெளி அதிகம், எம், டபிள்யூ எல்லாம் நெரிசலாக இருக்கும். பூஜ்யத்தின் உள்ளே கோடோ புள்ளியோ கிடையாது, எடிட்டரில் அது பெரிய குறை. கன்சோலாஸை லூகாஸ் டி க்ரூட் திரைக்காக, எழுத்தைத் திரையில் தெளிவாகக் காட்டும் மைக்ரோசாஃப்டின் கிளியர்டைப்பை மனதில் வைத்துச் செய்தார், 2007-ல் விண்டோஸ் விஸ்டாவோடு வந்தது. அதனதன் வேலை அதனதனுக்கு.

வேல்_ஆண்ட்ராய்டு:

அப்படியானால் டெஸ்ட் பக்கத்தைக் கன்சோலாஸில் அடித்தால் வேலைக்கு ஆகாது, புரிந்தது. ஓசிஆர்-பி இலவசமாக எங்கே கிடைக்கும்? இன்க்ஜெட்டில் அடித்தால் போதுமா? ஆபீஸில் ஒரு பழைய பாஸ்போர்ட் ரீடரும் இருக்கிறது, அதிலும் காட்டிப் பார்க்கலாம் என்று நினைக்கிறேன்.

தாரணி_கே:

எழுத்துரு கிடைக்கும். டெக் (TeX) என்ற அச்சுக்கோப்பு மென்பொருளைப் பயன்படுத்துகிறவர்களுக்காக நார்பர்ட் ஷ்வார்ட்ஸ் அதன் எழுத்துரு மொழியான மெட்டாஃபாண்டில் எழுதியது ஒன்று உண்டு, அதை வைத்து மேத்யூ ஸ்காலா சாதாரணக் கணினிகளில் நிறுவக்கூடிய ஓப்பன்டைப் வடிவம் செய்திருக்கிறார். உரிமக் குறிப்பைப் படித்துவிட்டுப் பயன்படுத்துங்கள். 10 பிட்சில், அதாவது அங்குலத்துக்கு 10 எழுத்தாக, வருகிறதா என்று ஸ்கேல் வைத்து அளந்து பாருங்கள், 44 எழுத்தும் 112 மில்லிமீட்டருக்குள் வர வேண்டும். பிரிண்டர் 'பக்கத்துக்குப் பொருத்து' என்று சுருக்கிவிட்டால் எல்லாம் கெட்டுவிடும்.

போனுக்கு இன்க்ஜெட் பிரச்சினை இல்லை. ரீடருக்கு அப்படி இல்லை. அந்த இரண்டு வரியையும் அகச்சிவப்பு ஒளியில் கறுப்பாகத் தெரியும் மையில்தான் அடிக்க வேண்டும் என்பது விதி, ரீடரும் அந்த ஒளியில்தான் பார்க்கிறது. பின்னால் இருக்கும் வண்ணக் கோலமெல்லாம் அந்த ஒளியில் மறைந்து எழுத்து மட்டும் நிற்கும் என்பதுதான் அதன் சூட்சுமம். இன்க்ஜெட்டின் சாய மை பல சமயம் அந்த ஒளியில் காணாமலே போய்விடும், நீங்கள் கண்ணால் பளிச்சென்று பார்க்கும் வரி ரீடருக்கு வெற்றுக் காகிதம். கறுப்பு லேசர் டோனரில் கார்பன் இருப்பதால் அது தெரியும், லேசரிலேயே அடியுங்கள்.

மாதிரிக்கு ஐகாவோவின் கற்பனை நாட்டுத் தரவையே பயன்படுத்துங்கள், வாடிக்கையாளரின் பாஸ்போர்ட்டை டெஸ்ட் ஃபோல்டரில் போட்டு வைக்கவே வைக்காதீர்கள். அப்புறம், பிறந்த வருடம் இரண்டு இலக்கம்தான் என்பதை மறக்க வேண்டாம். 30 என்று வந்தால் 1930-ல் பிறந்த பாட்டியா, 2030-ல் பிறக்கப்போகிற குழந்தையா என்பதை ஆப் இன்றைய தேதியை வைத்துத்தான் முடிவு செய்ய வேண்டும்.